புதிய உலகத்து மனிதர்களைப் பற்றி ஐரோப்பியர் எழுதி வைத்தவை: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

1492க்குப் பிறகு அமெரிக்கக் கண்டங்களில் போய் இறங்கிய ஐரோப்பியர்கள், அங்கே பார்த்த மனிதர்களைப் பற்றி ஏராளமாக எழுதி வைத்திருக்கிறார்கள். கப்பல் நாட்குறிப்பு, அரசனுக்குக் கடிதம், நண்பனுக்கு அரட்டை, பணம் போட்டவர்களுக்கு அறிக்கை என்று பல தினுசு. அந்த முதல் நூறு ஆண்டு எழுத்துகளைப் படிக்க உட்காருபவர்கள் வழக்கமாகக் கேட்கும் கேள்விகளும் எனக்குத் தெரிந்த பதில்களும் இங்கே. சில பதில்கள் நீளம், சில இரண்டே வரி.

கொலம்பஸின் நாட்குறிப்பு என்று கிடைக்கிறதே, அது அவர் கைப்பட எழுதியதா?

இல்லை. ஊர் திரும்பியதும் கொலம்பஸ் அதை அரசனிடமும் அரசியிடமும் கொடுத்தார். அரண்மனையில் ஒரு நகல் எடுத்து அவருக்கு அனுப்பினார்கள். மூலமும் போயிற்று, நகலும் போயிற்று. இன்று கையில் இருப்பது பர்த்தலோமே டி லாஸ் காசாஸ் என்ற பாதிரியார் பல ஆண்டுகள் கழித்து ஒரு நகலைப் பார்த்து எழுதிக்கொண்ட சுருக்கம். பெரும்பாலும் 'அட்மிரல் இப்படிச் சொல்கிறார்' என்று படர்க்கையில் போகும். நடுநடுவே 'இவை அவருடைய சொற்களே' என்று சொல்லி அப்படியே எடுத்தெழுதுவார். முதல் சந்திப்பு நடந்த 1492 அக்டோபர் 12ஆம் தேதிப் பகுதியில் அப்படி எடுத்தெழுதிய இடம் இருக்கிறது. இந்தச் சுருக்கமும் 1825இல்தான் அச்சேறியது.

ஆக, நாம் படிப்பது கொலம்பஸ் சொன்னவற்றில் லாஸ் காசாஸ் வைத்துக்கொள்ளத் தகும் என்று நினைத்ததை. இந்தக் காலத்து எழுத்துகள் பலவற்றுக்கும் இதே கதைதான். எதைக் கையில் எடுத்தாலும், எத்தனை கை மாறி வந்தது என்று முதலில் பார்த்துவிடுவது நல்லது.

மொழியே தெரியாமல் 'அவர்கள் இப்படிச் சொன்னார்கள்' என்று எப்படி எழுதினார்கள்?

சைகையும் ஊகமும்தான். கொலம்பஸ் மொழிபெயர்ப்புக்காக லூயிஸ் டி டோரஸ் என்பவரைக் கூட்டிப் போயிருந்தார். அவருக்கு எபிரேயமும் அரமேயமும் கொஞ்சம் அரபும் தெரியும். கியூபாவில் இறங்கியபோது ஆசியாவுக்கு வந்துவிட்டோம், உள்ளே போனால் சீனத்தை ஆளும் 'பெரிய கான்' என்ற பேரரசரின் நகரம் வரும் என்று நம்பி நவம்பர் 2 அன்று அவரையும் இன்னொருவரையும் அனுப்பினார். அவர்கள் கண்டது ஐம்பது வீடுகள் கொண்ட ஒரு ஊர். அரபு அங்கே எதற்கும் உதவவில்லை.

அக்டோபர் 12 அன்றே, சிலர் உடம்பில் தழும்பு பார்த்து, இது என்ன என்று சைகையில் கேட்டதாகவும், பக்கத்துத் தீவுக்காரர்கள் தங்களைப் பிடித்துப்போக வருவார்கள், தடுத்து நின்றபோது பட்ட காயம் என்று அவர்கள் காட்டியதாகவும் எழுதுகிறார். பார்த்துச் சில மணி நேரமே ஆகியிருந்தது. அதே மனிதர் நவம்பர் 27 அன்று, எனக்கு இவர்கள் மொழி தெரியாது, நான் பேசுவது இவர்களுக்குப் புரிவதில்லை, கூட வைத்திருக்கும் ஆட்கள் சொல்வதையும் பல தடவை தலைகீழாகப் புரிந்துகொள்கிறேன் என்று ஒப்புக்கொள்கிறார். அதற்கு முந்தைய ஆறு வாரக் குறிப்புகளை இந்த வரியைப் பக்கத்தில் வைத்துக்கொண்டுதான் படிக்க வேண்டும்.

இன்னும் வெளிப்படையான ஆள் ஒருவர் உண்டு. 1500 ஏப்ரலில் கப்ராலின் போர்ச்சுகீசியக் கப்பல்கள் பிரேசில் கரையைத் தொட்டன. கூட வந்த எழுத்தர் பேரோ வாஸ் டி கமீன்யா, மே 1ஆம் தேதியிட்டு அரசன் மனுவேலுக்கு ஒரு நீண்ட கடிதம் எழுதினார். அதில் ஒரு காட்சி. துப்பினிக்கிம் இனத்து வாலிபர்கள் இருவரை ஒரு சாயங்காலம் தலைமைக் கப்பலுக்குக் கூட்டி வருகிறார்கள். கப்ரால் நன்றாக உடுத்தி, கழுத்தில் பெரிய தங்க ஆரம் போட்டு, காலடியில் கம்பளம் விரித்து நாற்காலியில் உட்கார்ந்திருக்கிறார். வந்தவர்கள் ஒரு மரியாதையும் காட்டவில்லை, அவரிடம் பேசவும் இல்லை. ஒருவர் ஆரத்தைப் பார்க்கிறார், கரையைக் கை காட்டுகிறார், மறுபடி ஆரத்தைக் காட்டுகிறார். எங்கள் ஊரிலும் தங்கம் இருக்கிறது என்கிறார் போலும் என்று கப்பலில் இருப்பவர்கள் நினைத்துக்கொள்கிறார்கள். கிளியைக் காட்டினால் தெரிந்த பறவையாகக் கையில் வாங்கிக்கொள்கிறார்கள். ஆட்டைக் காட்டினால் சட்டை செய்யவில்லை. கோழியைக் கண்டால் பயம், தொடவே தயங்குகிறார்கள். ரொட்டி, மீன், தேன், அத்திப்பழம் எல்லாம் கொடுத்துப் பார்க்கிறார்கள். ஏறக்குறைய எதையும் தின்னவில்லை, வாயில் வைத்ததையும் துப்பிவிடுகிறார்கள்.

அப்புறம் ஒருவர் வெள்ளைச் செபமாலை மணிகளைக் கேட்டு வாங்கிக் கழுத்தில் போட்டுப் பார்க்கிறார், கழற்றிக் கையில் சுற்றிக்கொள்கிறார், கரையைக் காட்டுகிறார், மணிகளையும் தலைவரின் ஆரத்தையும் மாறி மாறிக் காட்டுகிறார். இதற்குத் தங்கம் தருவார்கள் என்கிறார் என்று எடுத்துக்கொண்டோம் என எழுதும் கமீன்யா, உடனேயே உண்மையைப் போட்டு உடைக்கிறார். எங்கள் ஆசை அப்படி இருந்ததால் அப்படி எடுத்துக்கொண்டோம். மணிகளோடு அந்த ஆரத்தையும் கொண்டுபோகிறேன் என்று அவர் சொல்லியிருந்தால், அதைப் புரிந்துகொள்ள எங்களுக்கு மனமில்லை, ஏனென்றால் ஆரத்தைக் கொடுக்கப் போவதில்லை!

இந்தக் காலத்து எழுத்து முழுவதிலும் எனக்கு மிகவும் பிடித்த இடம் இது. மற்றவர்களும் அதையேதான் செய்தார்கள், சொல்லத்தான் இல்லை.

யாருக்காக எழுதினார்கள்? எதற்காக?

இது தெரியாமல் ஒரு வரியைக்கூட எடை போட முடியாது. பெரும்பாலும் எழுதியவருக்கு ஏதோ ஒன்று ஆக வேண்டியிருந்தது.

1493 பிப்ரவரியில் கொலம்பஸ் எழுதி, ஸ்பெயினில் அச்சாகி, லத்தீனில் ஐரோப்பா முழுக்கப் பரவிய கடிதத்தைப் பாருங்கள். வேண்டிய அளவு தங்கம், வேண்டிய அளவு பருத்தி, கட்டளையிடும் அளவு அடிமைகள் என்று அரசுக்கு வாக்களிக்கிறார். அந்த மக்கள் அப்பாவிகள், ஆயுதம் அறியாதவர்கள், கேட்டதைக் கொடுப்பவர்கள் என்ற வர்ணனையும் அதே கடிதத்தில்தான். ஐம்பது பேர் போதும், எல்லோரையும் அடக்கிவிடலாம் என்று நாட்குறிப்பில் எழுதிய கையல்லவா? கிறிஸ்துமஸ் முந்தின இரவு சாண்டா மரியா கப்பல் தரைதட்டி உடைந்ததை அந்தக் கடிதம் சொல்லவில்லை. கோட்டை கட்டி ஆட்களை விட்டு வந்தேன் என்று மட்டும் இருக்கும். அடுத்த நடையில் போய்ப் பார்த்தபோது விட்டு வந்த 39 பேரில் ஒருவரும் உயிரோடு இல்லை.

கமீன்யாவின் கடிதம் எப்படி முடிகிறது தெரியுமா? ஆப்பிரிக்கா பக்கத்துச் சாவோ தோமே தீவில் இருக்கும் என் மருமகனைத் திருப்பி அழைத்துக்கொள்ளுங்கள் என்ற விண்ணப்பத்தோடு. புதிய நிலம் கிடைத்த செய்தியும் மருமகன் விவகாரமும் ஒரே தாளில்.

ஆங்கிலேயர் தாமஸ் ஹாரியட் 1588இல் வெளியிட்ட வர்ஜீனியா அறிக்கை குடியேற்றத்துக்கு முதலீடு தேடும் எழுத்து. விற்கத் தகுந்த சரக்குகள் முதல் பகுதி, உணவுப் பொருள்கள் இரண்டாவது. மூன்றாவதில் மரம், கல், செங்கல், சுண்ணாம்பு எல்லாம் முடிந்த பிறகுதான் மனிதர்கள் வருகிறார்கள்.

நாய்த்தலை மனிதர்கள், இராட்சதர்கள் எல்லாம் ஏன் வருகிறார்கள்? வேண்டுமென்றே புளுகினார்களா?

கொஞ்சம் புளுகு. நிறைய, ஏற்கெனவே படித்தது. அந்தமான் தீவுக்காரர்களுக்கு நாய் போன்ற தலை என்று மார்க்கோ போலோ தன் நூலில் சொல்லியிருந்தார். அவர் அங்கே போனவர் அல்லர், கேள்விப்பட்டதுதான். அவருக்கும் முந்தைய ரோமானிய நூல்களிலேயே நாய்த்தலையர் உண்டு. கிழக்கே போனால் இப்படிப்பட்டவர்கள் இருப்பார்கள் என்ற எதிர்பார்ப்போடுதான் ஐரோப்பியர் கப்பல் ஏறினார்கள். 1492 நவம்பர் 4ஆம் தேதிக் குறிப்பில், தூரத்தில் ஒற்றைக் கண்ணர்களும் நாய்முகம் கொண்ட நரமாமிசம் தின்பவர்களும் இருப்பதாகக் கியூபாக்காரர்கள் சொன்னதாக வருகிறது. மொழி புரியாத ஆள் கேட்ட செய்தி, அப்படியே பழைய புத்தகத்தில் உள்ளதாக இருந்தால் என்ன அர்த்தம்?

படகோனிய இராட்சதர் கதை வேறு வகை. மகெல்லனோடு போன இத்தாலியர் பிகாஃபெட்டா 1520இல் அர்ஜென்டினாவின் தென்கரையில் பார்த்த மனிதர் ஒருவரைப் பற்றி, நாங்கள் அவர் இடுப்பளவுதான் வந்தோம் என்று எழுதினார். அங்கிருந்த தெவெல்சே மக்கள் அன்றைய ஐரோப்பியரைவிட நல்ல உயரம். அதை இரட்டிப்பாக்கிவிட்டார். அந்த ஒரு வரி இரண்டரை நூற்றாண்டு ஓடியது. 1766இல்கூட லண்டன் பத்திரிகைகளில் இராட்சதர் செய்தி வந்தது. அப்புறம் போன கேப்டன் வாலிஸ் அளவுகோலை வைத்து அளந்தார். பெரும்பாலோர் ஐந்தடி பத்து அங்குலம் முதல் ஆறடி வரை.

உயரத்தில் பிகாஃபெட்டா ஏமாற்றினார் என்பதற்காக மற்றதையும் தள்ளிவிட முடியாது. அவர்களில் இருவரைப் பிடித்த விதத்தை அவரே எழுதுகிறார். கத்தி, கண்ணாடி, மணி என்று இரண்டு கையும் நிறையப் பரிசு கொடுத்து, பிறகு கால்விலங்கை நீட்டியிருக்கிறார்கள். அவர்களுக்கு அது பிடித்திருந்தது, ஆனால் வாங்கக் கை இல்லை. அப்படியானால் காலில் மாட்டி விடுகிறோம் என்று மாட்டிப் பூட்டியிருக்கிறார்கள். ஏமாந்தது தெரிந்ததும் அவர்கள் தங்கள் தெய்வத்தின் பெயரைச் சொல்லிக் கத்தினார்கள் என்கிறார். பிடிபட்ட ஒருவரிடம் கேட்டுக் கேட்டு அவர்கள் மொழியில் ஒரு சொற்பட்டியலும் எழுதினார். அந்த மனிதர் பசிபிக் கடலைக் கடக்கும்போது இறந்துபோனார். பட்டியல் இருக்கிறது.

அப்படியென்றால் இவற்றை நம்பவே கூடாதா?

அவசரப்பட வேண்டாம். எழுதியவருக்கு லாபமில்லாத விவரம், அவருக்கே புரியாத விவரம், அவர் சொல்ல வந்ததற்கு எதிராகப் போகும் விவரம் ஆகிய இடங்களில் நின்று படிக்க வேண்டும். அங்கேதான் நம்பத் தகுந்த சரக்கு கிடைக்கும்.

ஓர் உதாரணம் மட்டும் விரிவாகச் சொல்கிறேன். ரமோன் பனே என்ற துறவி 1493இல் கொலம்பஸின் இரண்டாவது பயணத்தில் இன்றைய ஹைட்டி, டொமினிக்கன் குடியரசு இருக்கும் தீவுக்குப் போனார். தைனோ மக்களின் நம்பிக்கைகளை எழுதித் தரும்படி கொலம்பஸ் சொல்ல, அவர்களோடு தங்கி, ஓரளவு மொழி கற்று, 1498 வாக்கில் எழுதி முடித்தார். அமெரிக்காவில் ஓர் ஐரோப்பியர் அந்த ஊர் மக்களின் நம்பிக்கைகளைக் கேட்டு எழுதிய முதல் நூல் இது. மனிதர்கள் ஒரு குகையிலிருந்து வெளியே வந்த கதை, ஒரே பிரசவத்தில் பிறந்த நான்கு சகோதரர்கள் கதை எல்லாம் இதில் உண்டு. அவசரத்தில் எழுதினேன், தாளும் போதவில்லை, முதலில் வர வேண்டியது கடைசியில் வந்திருக்கலாம் என்று அவரே சொல்லிவிடுகிறார். மூலப்பிரதி இதற்கும் இல்லை. 1571இல் வெனிசில் அச்சான இத்தாலிய மொழிபெயர்ப்புதான் பிழைத்தது.

அதில் ஒரு சம்பவம். கிறிஸ்தவப் படிமங்கள் வைத்திருந்த வழிபாட்டு இடத்திலிருந்து குவாரியோனெக்ஸ் என்ற தலைவரின் ஆட்கள் அவற்றை எடுத்துப் போய், ஒரு விளைநிலத்தில் போட்டு, மண் மூடி, மேலே சிறுநீர் கழித்து, 'இனி உன் விளைச்சல் நன்றாக இருக்கும்' என்றார்களாம். பனேவுக்கு இது தெய்வ நிந்தை. கொலம்பஸின் தம்பி பர்த்தலோமே விசாரணை நடத்தி அவர்களை உயிரோடு எரித்தார். ஆனால் தைனோ மக்கள் தங்கள் தெய்வக் கற்களையே மரவள்ளி நன்றாக விளைய வேண்டும் என்று கொல்லையில் புதைப்பவர்கள். இதைக் கவனித்த பின்னாளைய ஆய்வாளர்கள், புது தெய்வத்தையும் நம் தெய்வம்போல நிலத்தில் வைத்துப் பார்ப்போம் என்று அவர்கள் செய்திருக்கலாம் என்கிறார்கள். அதாவது அவமரியாதை என்று எரிக்கப்பட்டது ஒருவேளை வழிபாடு.

பனே தன் தீர்ப்புக்குத் தோதாகக் கதையைச் செதுக்கியிருந்தால் நிலத்தையும் விளைச்சல் பேச்சையும் விட்டிருப்பார். விடவில்லை, கேட்டதைக் கேட்டபடி எழுதினார். அதனால்தான் ஐநூறு ஆண்டு கழித்து அவர் தீர்ப்பை அவர் எழுத்தை வைத்தே கேள்வி கேட்க முடிகிறது.

நரமாமிசம் தின்றார்கள் என்பது உண்மையா?

இடத்துக்கு இடம் பதில் மாறும். கரீபியன் தீவுகளைப் பொறுத்தவரை குற்றச்சாட்டிலேயே பணம் இருந்தது. நரமாமிசம் தின்பவர்கள் என்று சொல்லப்பட்டவர்கள் எதிர்த்தால் பிடித்து அடிமையாக விற்கலாம் என்று 1503இல் இசபெல்லா அரசி அனுமதி கொடுத்தார். அப்புறம் எந்தத் தீவில் ஆள் வேண்டுமோ அந்தத் தீவுக்காரர்கள் நரமாமிசம் தின்பவர்கள் ஆனார்கள்.

பிரேசிலின் துப்பினாம்பா மக்கள் விஷயம் வேறு. போரில் பிடித்தவரை மாதக்கணக்கில் வைத்திருந்து, சடங்கு செய்து கொன்று தின்பது பற்றி அவர்களிடம் கைதியாக இருந்த ஜெர்மானியர் ஹான்ஸ் ஸ்டாடன் 1557இல் எழுதினார். பிரெஞ்சுக் கத்தோலிக்கர் தெவே எழுதினார், அவரைப் பொய்யர் என்று திட்டிய பிரெஞ்சுப் புராட்டஸ்டன்ட் ழான் டி லெரியும் எழுதினார், போர்ச்சுகீசிய இயேசு சபையினரும் எழுதினார்கள். ஒருவரையொருவர் ஆகாதவர்கள் எல்லோரும் ஏறக்குறைய ஒரே சடங்கைச் சொல்கிறார்கள். 1979இல் வில்லியம் அரென்ஸ் என்ற மானுடவியலாளர் இந்தச் சாட்சிகளை ஒட்டுமொத்தமாகச் சந்தேகித்துப் பெரிய விவாதத்தைக் கிளப்பினார். இருந்தாலும் துப்பினாம்பா விஷயத்தில் ஆய்வாளர்கள் பலர் சடங்கு நடந்ததை ஏற்கிறார்கள். எனக்கும் அதுதான் சரி என்று படுகிறது.

இன்னொரு பக்கத்தையும் பார்க்க வேண்டும். 1528இல் டெக்சஸ் கரையில் கப்பலிழந்து ஒதுங்கிய ஸ்பானியர் ஐவர் பசி தாங்காமல் ஒருவரையொருவர் தின்றார்கள். கடைசியில் ஒருவன் மிஞ்சினான், அவனைத் தின்ன ஆளில்லை. இதைக் கண்டு அந்த ஊர் மக்கள் ஆடிப்போனார்கள், தொடக்கத்திலேயே தெரிந்திருந்தால் அந்த ஆட்களைக் கொன்றிருப்பார்கள், எங்கள் எல்லோருக்கும் பெரிய சங்கடமாகியிருக்கும் என்று அதே பயணத்தில் போன ஸ்பானிய அதிகாரி காபேசா டி வாக்கா எழுதுகிறார். லெரியும் 1573இல் பிரான்சின் சான்செர் நகர முற்றுகைக்குள் இருந்தவர். பட்டினியில் பெற்றோர் தம் குழந்தையின் உடலைத் தின்றதை அங்கே அறிந்தவர். துப்பினாம்பாக்களைப் பற்றி எழுதும்போது, அருவருப்புப்பட நம் ஊரிலேயே நிறைய இருக்கிறது என்று அவர் சொல்வது இதனால்தான்.

அந்த மக்களின் குரல் எங்காவது கேட்கிறதா?

கேட்கிறது, அரைகுறையாக.

ழான் டி லெரி 1557இல் இன்றைய ரியோ டி ஜெனீரோ இருக்கும் விரிகுடாவில் பிரெஞ்சுக் குடியேற்றத்துக்குப் போனவர். தலைவரோடு மனத்தாங்கலாகிக் கோட்டையை விட்டு வெளியேறி, துப்பினாம்பா ஊர்களின் பக்கத்தில் இரண்டு மாதம் இருந்தார். சாய மரத்துக்காகப் பிரெஞ்சுக்காரர்கள் அலைவதைப் பார்த்த ஒரு கிழவர் அவரைக் கேட்கிறார். இவ்வளவு தூரம் விறகுக்கா வருகிறீர்கள், உங்கள் ஊரில் மரம் கிடையாதா? எரிக்க அல்ல, துணிக்குச் சாயம் போட என்கிறார் லெரி. அதற்கு இவ்வளவா வேண்டும்? எங்கள் ஊரில் ஒரே வியாபாரியிடம் நீங்கள் பார்த்ததைவிட அதிகத் துணியும் கத்தியும் கண்ணாடியும் இருக்கும், அவர் எல்லாவற்றையும் வாங்கிக்கொள்வார். சரி, அந்தப் பணக்காரர் சாக மாட்டாரா? சாவார். செத்தால் சொத்து யாருக்கு? பிள்ளைகளுக்கு, இல்லையென்றால் உடன்பிறந்தவர்களுக்கு.

நீங்கள் பெரிய முட்டாள்கள்தான் என்கிறார் கிழவர். பிள்ளைகளுக்குச் சேர்க்கவா இத்தனை பாடுபட்டுக் கடல் தாண்டி வருகிறீர்கள்? உங்களை வளர்த்த மண் அவர்களை வளர்க்காதா? எங்களுக்கும் பிள்ளைகள் உண்டு. எங்களுக்குச் சோறு போட்ட மண் அவர்களுக்கும் போடும் என்று நிம்மதியாக இருக்கிறோம்.

கிழவர் இவ்வளவு கோவையாகப் பேசினாரா, லெரி இருபது ஆண்டு கழித்து 1578இல் நூலை வெளியிடும்போது மெருகேற்றினாரா? மெருகு நிச்சயம் உண்டு. தன் ஊர்ப் பேராசைக்காரர்களைக் குத்த லெரிக்கு இந்தக் கிழவர் நன்றாகப் பயன்பட்டார். அதே சமயம், மரத்தை வெட்டித் தோளில் சுமந்து கப்பலுக்குக் கொண்டுவந்தவர்கள் துப்பினாம்பாக்கள்தான். இவ்வளவு மரம் எதற்கு என்ற கேள்வி அவர்களுக்கு எழாமல் இருந்திருக்குமா?

காபேசா டி வாக்காவின் கடைசிப் பகுதியும் அப்படி. 1528இல் புளோரிடாவில் இறங்கி உள்நாட்டில் போன முந்நூறு பேர் படையில் அவரும், எஸ்தெவானிக்கோ என்ற ஆப்பிரிக்க அடிமையும், வேறு இருவரும் மட்டும் எட்டு ஆண்டு அலைந்து, 1536இல் மெக்சிகோவில் ஸ்பானிய அடிமைப் பிடிகாரர்களைச் சந்தித்தார்கள். இவர்களும் எங்கள் ஆட்கள்தான் என்று அந்தப் பிடிகாரர்கள் சொன்னதை, கூட வந்த மக்கள் நம்பவே இல்லை. இவர்கள் சூரியன் உதிக்கும் பக்கத்திலிருந்து வந்தார்கள், நீங்கள் மறையும் பக்கத்திலிருந்து வந்தீர்கள். இவர்கள் நோயாளியைக் குணப்படுத்துகிறார்கள், நீங்கள் நன்றாக இருப்பவனைக் கொல்கிறீர்கள். இவர்கள் வெறுங்காலோடு வந்தார்கள், நீங்கள் குதிரையும் ஈட்டியுமாக வந்தீர்கள் என்றார்களாம். நூலை அரசனுக்கு எழுதியவர் பதவி தேடிக்கொண்டிருந்தவர் என்பதையும் சேர்த்தே படியுங்கள். தென் அமெரிக்காவில் ஆளுநர் பதவி கிடைக்கவும் செய்தது.

பெண்களைப் பற்றி என்ன எழுதினார்கள்?

எழுதியவர்கள் எல்லோரும் ஆண்கள். பெரும்பாலும் உடம்பைப் பற்றித்தான் எழுதினார்கள். மிகக் கொடுமையான பக்கம் மிக்கேலே டா குனேயோ என்பவருடையது. 1493இல் பிடிபட்ட கரீபியப் பெண் ஒருத்தியைக் கொலம்பஸ் தனக்குக் கொடுத்ததையும், அவள் நகத்தால் கீறி எதிர்த்ததையும், கயிற்றால் அடித்துப் பலாத்காரம் செய்ததையும் 1495இல் நண்பருக்குப் பெருமையாக எழுதுகிறார். கடைசியில் அவளே விரும்பியதுபோல முடிக்கிறார். அந்த முடிவை நம்ப எந்தக் காரணமும் இல்லை. அவள் கீறியதை நம்பக் காரணம் உண்டு. அவள் பெயரை அவர் எழுதவில்லை.

பாடப் புத்தகங்களில் வரும் அந்தப் பழைய படங்களை நம்பலாமா?

யார் வரைந்தது என்று பாருங்கள். ஜான் வைட் 1585இல், ஹாரியட் 'வர்ஜீனியா' என்று எழுதிய அதே இடத்துக்கு, இன்றைய வட கரோலினாவின் ரோனோக் பகுதிக்குப் போய் நேரில் பார்த்து நீர்வண்ணத்தில் வரைந்தார். மீன் பிடிப்பது, மீனை வாட்டுவது, ஊர் அமைப்பு, ஒரு சிறுமி கையில் ஆங்கிலப் பொம்மை என்று எல்லாம் நுணுக்கம். தியோடர் டி ப்ரை அமெரிக்கா பக்கமே போகாதவர். அந்த ஓவியங்களைச் செப்புத் தகட்டில் செதுக்கி 1590இல் பிராங்பர்ட்டில் ஹாரியட்டின் நூலோடு நான்கு மொழிகளில் வெளியிட்டார். செதுக்கும்போது முகம் ஐரோப்பிய முகமானது, உடம்பு கிரேக்கச் சிலை மாதிரி ஆனது, பின்னணியில் இல்லாத காட்சிகள் முளைத்தன. புத்தகங்களில் அதிகம் வருவது டி ப்ரை. மூலம் லண்டனில் பிரிட்டிஷ் மியூசியத்தில்.

நோய்களைப் பற்றி அன்றே எழுதியிருக்கிறார்களா?

ஹாரியட் எழுதியிருக்கிறார். 1584இல் இங்கிலாந்துக்குக் கொண்டுவரப்பட்ட மான்டியோ, வான்சிஸ் என்ற ரோனோக் பக்கத்து ஆட்கள் இருவரிடம் அவர் அந்தப் பகுதி மக்களின் அல்கோன்கியன் மொழி கற்றிருந்தார். அதனால் அவர் கேட்டது சைகையில் அல்ல, பேச்சில். ஆங்கிலேயர் போய் வந்த ஊர்களில் சில நாளிலேயே மக்கள் வேகமாகச் செத்தார்கள், சில ஊரில் 20 பேர், சிலவற்றில் 40, 60, ஓர் ஊரில் 120 பேர் என்கிறார். தங்களுக்கு எதிராகச் சதி செய்த ஊர்களில்தான் இப்படி நடந்தது என்று சேர்த்துக்கொள்வது அவருடைய வசதி. கண்ணுக்குத் தெரியாத குண்டுகளால் எங்களைச் சுடுகிறீர்கள் என்று அந்த மக்கள் சொன்னதையும் பதிந்திருக்கிறார். கிருமி பற்றி இரு தரப்புக்கும் தெரியாத காலம் அது. யாரிடமிருந்து வருகிறது என்பதை அவர்கள் சரியாகப் பிடித்துவிட்டார்கள்.

அந்த மக்களின் தலைவர் விஞ்சினாவை 1586 ஜூனில் ஆங்கிலேயர் கொன்றதை ஹாரியட் பெயர் சொல்லி எழுதவில்லை. நம் ஆட்கள் சிலர் சில ஊர்களில் ஆட்களைக் கொன்று அளவுமீறிக் கடுமையாக நடந்துகொண்டார்கள் என்று ஒரே வாக்கியத்தில் தாண்டிப் போகிறார்.

லாஸ் காசாஸ் நல்லவரா?

தானே பூர்வகுடிகளை வேலை வாங்கி நிலம் வைத்திருந்தவர், 1514இல் விட்டார். ஒரு கட்டத்தில் அவர்களுக்குப் பதில் ஆப்பிரிக்க அடிமைகளைக் கொண்டுவரலாம் என்றார், பிறகு அதற்காக வருந்தினார். 1552இல் அவர் வெளியிட்ட ஸ்பானியக் கொடுமைகளின் பட்டியலை ஸ்பெயினின் எதிரி நாடுகள் விழுந்தடித்து மொழிபெயர்த்தன. அவர் தரும் சாவு எண்ணிக்கைகளை அப்படியே எடுத்துக்கொள்ள வேண்டாம். கண்ணால் கண்டதாகச் சொல்பவற்றைத் தள்ளவும் வேண்டாம்.

நம் பக்கத்துக்கு ஏதாவது தொடர்பு உண்டா?

கப்ராலின் கப்பல்கள் உண்மையில் கள்ளிக்கோட்டைக்குக் கிளம்பியவை. கமீன்யாவுக்கு அங்கே அமையப்போகும் பண்டகசாலையில்தான் எழுத்தர் வேலை. 1500 டிசம்பரில் அந்தப் பண்டகசாலை தாக்கப்பட்டபோது அவரும் செத்தார். அவர் கடிதம் லிஸ்பன் ஆவணக்காப்பகத்தில் கிடந்து 1817இல்தான் அச்சானது.

இலங்கை வேடர்களைப் பற்றி ராபர்ட் நாக்ஸ் எழுதியதும் இந்த வகைதான், காலம் மட்டும் பிந்தியது. கண்டி அரசில் 19 ஆண்டு சிறைப்பட்டிருந்து தப்பியவர், 1681இல் லண்டனில் நூலை வெளியிட்டார். அம்பு வேண்டுமென்றால் வேடர்கள் அதன் அளவை இலையில் வெட்டி, இறைச்சியோடு இரவில் கொல்லன் பட்டறையில் தொங்கவிட்டுப் போவார்களாம். செய்து வைத்தால் மேலும் இறைச்சி வரும், செய்யாவிட்டால் கொல்லனுக்கு அம்பு வரும். நாக்ஸ் அவர்களைக் காட்டு மனிதர்கள் என்கிறார். அவர் சொல்லும் இந்த ஏற்பாட்டில் கணக்கு வழக்கு சுத்தமாக இருக்கிறது.

எங்கிருந்து தொடங்கலாம்?

கமீன்யாவிடமிருந்து. ஒரே மூச்சில் படித்துவிடலாம், ஆங்கில மொழிபெயர்ப்பு சுலபமாகக் கிடைக்கும். அடுத்து காபேசா டி வாக்கா, கதை போல ஓடும். கொலம்பஸை முதலில் எடுத்தால் தங்கம், தங்கம் என்றே போய் அலுத்துவிடும். இத்தாலியக் கடலோடி வெஸ்புச்சியின் பெயரில் 1503 வாக்கில் வந்த கடிதத்தை வேடிக்கைக்கு மட்டும் வைத்துக்கொள்ளுங்கள், அதில் மனிதர்கள் 150 வயது வாழ்கிறார்கள். மெக்சிகோ பக்கம் போக விரும்பினால் சாகுன் என்ற துறவி அங்குள்ள நவா மக்களின் அறிஞர்களை வைத்து, அவர்கள் மொழியான நவாட்டில், ஸ்பானிஷ் ஆகிய இரண்டு மொழிகளிலும் தொகுத்த பன்னிரண்டு பாக ஏட்டை அமெரிக்காவின் கெட்டி ஆய்வு நிறுவனம் 2023இல் இணையத்தில் முழுதாக ஏற்றியிருக்கிறது. ஸ்பானியர் மெக்சிகோவைப் பிடித்த கதை பன்னிரண்டாம் பாகத்தில். லெரியின் கிழவரை மட்டும் பார்க்க வேண்டும் என்றால் பதின்மூன்றாம் அத்தியாயம், மரங்களைப் பற்றிய பகுதியில் இருப்பார்.